ஒற்றியும் ஈடும்: வீட்டுக் கடனின் மெய்விலை

ஒற்றி வைத்த காணியிலே நிற்கும் பனை எவருக்கு உரியது? மரம் காணிக்காரனுக்கு உரியது. அதன் பழமும் ஓலையும் கடன் கொடுத்தவனுக்கு உரியவை. யாழ்ப்பாணத்துப் பழைய வழக்கை அறிந்தோர் தயங்காது கூறும் விடை இதுவே. அப்பனை ஆண்டுதோறும் எவ்வளவு காய்த்தாலும், அக்காய்ப்பு பட்ட கடனில் ஒரு சதத்தையேனும் குறைப்பதில்லை. காணிக்காரன் வேலிக்கு அப்பால் நின்று தன் மரத்தைப் பார்க்கலாம். பட்ட கடன் பட்டபடியே நிற்கும்.

இது முன்னோர் காலத்துச் செய்தியென்று ஒதுக்கிவிடத் தக்கதன்று. வங்கியிலே கடன் பெற்று வீடு கட்டும் ஒருவர் மாதந்தோறும் தவணைப்பணம் செலுத்துகின்றார். அப்பணத்தில் எவ்வளவு முதலைக் குறைக்கின்றது, எவ்வளவு வட்டியாகவே கழிந்துபோகின்றது என்னும் வினா, ஒற்றிக் காணியின் பனையைப் பற்றிய வினாவே ஆகும். வடிவம் மாறிற்று, வினா மாறவில்லை. அவ்வினாவின் வரலாற்றை அறிந்தோர், வீட்டுக் கடனின் மெய்யான விலையைக் கணிக்கவும் அறிவர்.

இலங்கையின் கரையோர நாடுகளை ஒல்லாந்தர் ஆண்ட காலத்தில், ஆளுநர் கொர்னேலிஸ் யோவான் சைமன்ஸ் என்பவரின் பணிப்பின்படி, யாழ்ப்பாணத்துத் திசாவையாகிய கிளாஸ் ஐசாக்ஸ் அந்நாட்டு வழக்கங்களைத் தொகுத்தார். அத்தொகுப்பு 1707ஆம் ஆண்டிற் கையளிக்கப்பட்டது. தமிழில் மொழிபெயர்க்கப்பட்ட அதனைப் பன்னிரு முதலியார்கள் பார்வையிட்டு ஏற்றுக்கொண்டனர். பின்னர், ஆங்கிலேயர் ஆட்சியில், 1806ஆம் ஆண்டின் 18ஆம் இலக்க ஒழுங்குவிதி அதற்குச் சட்டவலு அளித்தது. தேசவழமை என வழங்கும் அத்தொகுப்பிலே, சீதனம், முதுசம் முதலியவற்றோடு ஒற்றிக்கும் தனி இடம் உண்டு.

ஒற்றியின் இயல்பு எளியது. பணம் வேண்டியவன் தன் வயலையோ தோட்டத்தையோ பணமுடையவனிடம் ஒப்படைத்துக் கடன் பெறுவான். கடன் கொடுத்தவன் வட்டி கேட்பதில்லை. வட்டிக்கு ஈடாகக் காணியின் விளைவை அனுபவிப்பான். முதற்பணத்தைத் திருப்பிக் கொடுக்கும் நாளிலே காணி மீளும். அம்மீட்பும் நினைத்த நாளிலே நிகழ்வதன்று. பயிர்க்காலத்தை நோக்கியே மீட்கவேண்டுமென்று தேசவழமை விதித்தது. விதைத்தவன் அறுக்குமுன் காணியை இழத்தல் நீதியன்று என்பது அவ்விதியின் கருத்து. இருபுறத்தாருக்கும் நடுநின்று வகுத்த நெறி அது.

எனினும், காலத்தை நீட்டிப் பார்த்தால் கணக்கு வேறாகத் தோன்றும். ஒருவன் தன் தோட்டத்தை ரூபா 1,000க்கு ஒற்றி வைத்தான் என்க. அத்தோட்டம், செலவுபோக, ஆண்டுக்கு ரூபா 100 பெறுமதியான விளைவைத் தருகின்றது என்க. இருபது ஆண்டுகளில் கடன் கொடுத்தவன் பெற்ற விளைவு ரூபா 2,000. அதன் பின்னும் முதலாகிய ரூபா 1,000 குறையாமல் நிற்கின்றது. ஆகவே அன்று பெற்ற ஆயிரத்தின் விலை மூவாயிரம். இவற்றுள் இரண்டாயிரத்தை அவன் கையால் எண்ணிக் கொடுக்கவில்லை. எண்ணிக் கொடாத காரணத்தால் அதனைச் செலவென்றும் உணரவில்லை. கண்ணுக்குத் தெரியாது கழியும் பணமே கடனின் பெரும்பகுதி.

இவ்வேறுபாட்டை ஆங்கில நாட்டார் எண்ணூறு ஆண்டுகளுக்கு முன்னரே பெயரிட்டு வழங்கினர். பன்னிரண்டாம் நூற்றாண்டின் இறுதியில் எழுந்து, கிளான்வில் என்பவரின் பெயரால் வழங்கும் சட்டநூல் ஈட்டை இருவகையாகப் பிரிக்கின்றது. நிலத்தின் விளைவு கடனைப் படிப்படியாகக் குறைக்குமாயின் அது உயிருள்ள ஈடு. விளைவு முழுவதும் கடன் கொடுத்தவனுக்கே சென்று, கடன் குறையாது நிற்குமாயின் அது இறந்த ஈடு. பிரெஞ்சு மொழியிலே ‘மோர்’ என்றால் இறந்தது, ‘காஜ்’ என்றால் ஈடு. இன்று உலகெங்கும் வழங்கும் ‘மோர்ட்கேஜ்’ என்னும் சொல் அவ்விறந்த ஈட்டின் பெயரே. அதனை வட்டித் தொழிலின் ஒரு வகையாகவே அந்நூல் கருதிற்று. ஆயினும் அரச மன்றம் அதனைத் தடைசெய்யவில்லை. கிளான்விலின் அளவுகோலால் அளந்தால், யாழ்ப்பாணத்து ஒற்றியும் இறந்த ஈடேயாகும்.

பதினேழாம் நூற்றாண்டிலே எட்வேட் கோக் என்னும் சட்ட அறிஞர் அச்சொல்லுக்கு மற்றொரு விளக்கத்தைப் பரப்பினார். கடனாளி குறித்த நாளிற் பணம் செலுத்தாவிடின் நிலம் அவனுக்கு இறந்துபோகும்; செலுத்தினால் அது கடன் கொடுத்தவனுக்கு இறந்துபோகும் என்பது அவ்விளக்கம். அந்நூற்றாண்டிலேயே இங்கிலாந்தின் சான்சரி நீதிமன்றம் கடனாளியின் துணைக்கு வந்தது. குறித்த நாள் கடந்த பின்னும், முதலையும் வட்டியையும் செலுத்தி நிலத்தை மீட்கும் உரிமை அவனுக்கு உண்டு என்று அம்மன்றம் நிலைநாட்டிற்று.

வட்டிக்கு எல்லை வகுக்கும் முயற்சியும் பழையது. முதலுக்கு மேற்பட்ட வட்டியை ஒரே தடவையில் அறவிடலாகாது என்னும் கொள்கை மனுநூலிலும் உண்டு. உரோமன் ஒல்லாந்தச் சட்டத்திலும் உண்டு. இலங்கையிலே 1852ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கக் கட்டளைச்சட்டமும், அறவிடும் வட்டி முதலை விஞ்சலாகாது என்று கூறிற்று. இக்கொள்கையின் பயனும் எல்லையும் ஒருங்கே கருதத்தக்கவை. வட்டி செலுத்தாது தேங்கிக் கிடக்கும் கடனாளியை அது காக்கின்றது. மாதந்தவறாது செலுத்தி வருபவனுக்கு, அவன் ஏற்கெனவே செலுத்திய வட்டியை அது எண்ணுவதில்லை. ஒழுங்காகச் செலுத்துபவன் தன் கணக்கைத் தானே பார்த்துக்கொள்ளவேண்டும்.

அக்கணக்கு நெடுங்காலம் வணிகர் சிலரின் கையிலேயே மறைபொருளாக இருந்தது. 1582ஆம் ஆண்டிலே சைமன் ஸ்டெவின் என்னும் கணித அறிஞர் அன்ற்வேப் நகரிலே வட்டி அட்டவணைகளை அச்சிட்டு வெளியிட்டார். எத்தனை ஆண்டுக்கு எவ்வளவு செலுத்தினால் கடன் தீரும் என்பதை எழுத்தறிந்த எவரும் பார்த்து அறியும் வழி அவ்வாறு பிறந்தது. தவணை முறைக் கடன் அனைத்தும் அத்தகைய அட்டவணையின் மீதே நிற்கின்றது.

எளியோர் வீடு பெறுவதற்கென அம்முறை பின்னர் பயன்பட்டது. இங்கிலாந்தின் பேமிங்ஹாம் நகரிலே, கோல்டன் குறொஸ் என்னும் விடுதியை நடத்திய றிச்சேட் கெற்லி என்பவர் 1775ஆம் ஆண்டளவில் ஒரு கட்டிடச் சங்கத்தைத் தொடக்கினார். உறுப்பினர் மாதந்தோறும் பணம் இட்டனர். திரண்ட பணத்தால் வீடுகள் எழுந்தன. அக்காலத்து இத்தகைய சங்கங்கள், உறுப்பினர் அனைவரும் வீடு பெற்ற பின் கலைந்துவிடும். ஊர்ச் சீட்டின் தன்மையை அறிந்தோர்க்கு இதன் இயல்பு எளிதில் விளங்கும்.

அமெரிக்க நாட்டிலே வேறொரு பாடம் கிடைத்தது. 1930ஆம் ஆண்டுகளுக்கு முன்னர் அங்கு வீட்டுக் கடன்கள் பல, ஐந்து ஆண்டு அளவான குறுந்தவணைக்கே கொடுக்கப்பட்டன. கடனாளி வட்டியை மட்டும் செலுத்தி வருவான். தவணை முடிவிலே முதல் முழுவதையும் செலுத்தவேண்டும், அல்லது கடனைப் புதுப்பிக்கவேண்டும். பெருமந்தம் வந்தபோது புதுப்பிப்பார் இல்லை. வீடுகள் ஏலத்திற்குச் சென்றன. 1933ஆம் ஆண்டிலே அரசு வீட்டுரிமையாளர் கடன் கூட்டுத்தாபனத்தை நிறுவி, ஏறத்தாழப் பத்து இலட்சம் வீடுகளின் கடன்களைப் பொறுப்பேற்று, முதலும் வட்டியும் சேர்ந்து சிறிது சிறிதாகத் தீரும் நீண்ட தவணைகளாக மாற்றிற்று. இறந்த ஈட்டுக்கு உயிர் கொடுத்த செயல் என்று அதனைக் கூறலாம்.

இலங்கையிலே 1931ஆம் ஆண்டில் அரச ஈட்டு வங்கி தோன்றிற்று. 1979ஆம் ஆண்டிலே அது கமத்தொழில், கைத்தொழிற் கடன் கூட்டுத்தாபனத்துடன் இணைந்து அரச ஈட்டு முதலீட்டு வங்கியாயிற்று. ஏனைய வங்கிகளும் வீட்டுக் கடன் வழங்க முன்வந்தன. ஒற்றியைப் போலன்றி, இக்கடனில் வீட்டுக்காரன் தன் வீட்டிலேயே குடியிருக்கின்றான். ஒவ்வொரு தவணையும் முதலில் ஒரு சிறு பங்கைக் குறைக்கின்றது. ஆகவே இது உயிருள்ள ஈடு. ஆனால் அவ்வுயிர் தொடக்கத்தில் எவ்வளவு மெலிந்தது என்பதை எண்களே காட்டும்.

ஓர் இலட்சம் ரூபா கடன், ஆண்டுக்கு நூற்றுக்கு 12 வீத வட்டி, இருபது ஆண்டுத் தவணை என்க. மாதத் தவணை ரூபா 1,101 ஆகும். முதல் மாதத்திலே இதில் ரூபா 1,000 வட்டிக்குச் செல்லும். முதலைக் குறைப்பது ரூபா 101 மட்டுமே. பத்து ஆண்டுகள் தவறாது செலுத்தியபின் கொடுத்த தொகை ஏறத்தாழ ரூபா 132,130. அப்போது எஞ்சியிருக்கும் கடன் எவ்வளவு? பாதித் தவணை கழிந்தமையால் பாதிக் கடன் கழிந்திருக்குமென்று எண்ணுவது இயல்பு. உண்மையிலே ஏறத்தாழ ரூபா 76,750 எஞ்சியிருக்கும். கடன் பாதியாவதற்கு ஏறக்குறையப் பதினைந்து ஆண்டுகள் செல்லும். இருபது ஆண்டு முடிவிலே செலுத்திய மொத்தத் தொகை ரூபா 264,260 அளவாகும். ஓர் இலட்சத்திற்கு வட்டி மட்டும் ஒன்றரை இலட்சத்திற்கு மேல்.

இங்கே விலையை உயர்த்துவது வட்டி வீதம் மட்டுமன்று, காலமும் ஆகும். அதே கடனைப் பதினைந்து ஆண்டுகளில் தீர்ப்பதாயின் மாதத் தவணை ரூபா 1,200. மாதம் ஏறத்தாழ நூறு ரூபாவே கூடுதல். ஆனால் மொத்தத் தொகை ரூபா 216,030 ஆகக் குறையும். ஐந்து ஆண்டுகளும் ரூபா 48,000க்கு மேற்பட்ட பணமும் மிஞ்சும். தவணைப்பணம் சிறிதாக இருக்கின்றதே என்று மகிழ்ந்து காலத்தை நீட்டுவோர், அம்மகிழ்ச்சிக்கு மிகுந்த விலை கொடுக்கின்றனர்.

வட்டி வீதம் மாறக்கூடிய கடனாயின் மேலும் விழிப்பு வேண்டும். 2022ஆம் ஆண்டு ஏப்ரல் 8ஆம் நாள் இலங்கை மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே தடவையில் ஏழு சதவீதப் புள்ளிகளால் உயர்த்திற்று. மேலே காட்டிய கடன் தொடங்கிய காலத்திலேயே வட்டி 13 வீதத்தைச் சிறிது கடந்துவிடின், ரூபா 1,101 தவணை முழுவதும் வட்டிக்கே போதாது. தவணையை உயர்த்தாவிடின் முதல் குறையாது, வளரும். வட்டி 20 வீதமாயின் மாதத் தவணை ரூபா 1,699 ஆகவேண்டும். உயிருள்ள ஈடு இறந்த ஈடாக மாறுவதற்குப் புதிய உறுதி எழுதவேண்டியதில்லை. பழைய உறுதியிலுள்ள ஒரு வாசகமே போதும்.

இவற்றால் வீட்டுக் கடன் தீயது என்று முடிவுகட்டுதல் தகாது. கடன் பெறாதவன் அவ்விருபது ஆண்டும் வாடகை கொடுத்திருப்பான். பணத்தின் பெறுமதி காலப்போக்கிற் குறைவதால், இருபதாம் ஆண்டில் கொடுக்கும் ஆயிரம் ரூபா இன்றைய ஆயிரம் அன்று. ஒற்றி வைத்த காணிகளைப் பிள்ளைகள் எளிதில் மீட்டமைக்கும் இதுவே காரணமாக அமைந்ததுண்டு. மறுபுறத்தில், நொத்தாரிசுக் கூலி, முத்திரைச் செலவு, காப்புறுதி, சோலைவரி, பழுதுபார்த்தல் ஆகியனவும் வீட்டின் விலையோடு சேர்பவை. இருபக்கத்தையும் நிறுத்துப் பார்ப்பதே அறிவுடைமை.

ஆகவே, கடன் உறுதியிற் கையொப்பமிடுமுன் கேட்கவேண்டியவை சில. இறுதி நாள்வரை செலுத்தும் மொத்தத் தொகை எவ்வளவு? ஒவ்வோர் ஆண்டின் முடிவிலும் எஞ்சும் முதல் எவ்வளவு? வட்டி வீதம் மாறுமாயின் தவணை எவ்வாறு மாறும்? கையிற் பணம் சேர்ந்த காலத்தில் முதலை முன்கூட்டிக் குறைக்க இடமுண்டா? அதற்குக் கட்டணம் உண்டா? ஆண்டுவாரியான அட்டவணையைக் கேட்டுப் பெற்று, வீட்டிலே கணவனும் மனைவியும் ஒருங்கிருந்து வரி வரியாகப் படித்தல் நன்று.

ஒற்றிக் காணியின் வேலிக்கு அப்பால் நின்றவனுக்குத் தன் பனையின் பயன் எங்கே செல்கின்றது என்பது கண்ணுக்குத் தெரிந்தது. வங்கிக் கடன் பெற்றவன் தன் வீட்டினுள்ளேயே இருப்பதால், அவனுடைய உழைப்பின் பயன் செல்லும் வழி கண்ணுக்குத் தெரிவதில்லை. கணக்கினாலேயே அது தெரியும். அக்கணக்கைத் தொடக்க நாளிலேயே பார்த்தவன் தன் வீட்டின் விலையை அறிந்து கொடுக்கின்றான்; பாராதவன் அறியாமலே கொடுக்கின்றான்.