எல் அனாட்சுயியும் நிலையா உருவமும்

மதுப்புட்டிகளின் உலோக மூடிகளைச் செப்புக் கம்பியாற் பிணைத்துப் பெருந்திரைகளாக ஆக்கியவர் மேலை ஆப்பிரிக்கச் சிற்பி எல் அனாட்சுயி. அத்திரைகளைக் காண்போர் பலர், அவற்றை அவர்தம் இனத்தார் நெய்யும் 'கென்டே' ஆடையின் உலோக வடிவம் என்றே கொள்வர். அக்கொள்கை எத்துணைப் பொருந்தும் என்பதை, அவர் வாழ்க்கையை நிரல்பட நோக்கி ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

அனாட்சுயி 1944-இல், அந்நாளில் கோல்டு கோஸ்ட் என வழங்கிய இன்றைய கானா நாட்டின் அன்யாக்கோ என்னும் ஊரில், எவே இனத்திற் பிறந்தார். தந்தையார் நெசவறிந்தவர். எனினும், அனாட்சுயி கிறித்தவச் சமய ஊழியரான உறவினர் இல்லத்தில் வளர்ந்தமையின், தறியினின்று விலகியே அவர் இளமை கழிந்தது. குமாசிக் கல்லூரியில் அவர் பயின்ற பாடத்திட்டம் மேலைநாட்டு மரபினது. அக்குறையை நிரப்பிக்கொள்ள, அந்நகரப் பண்பாட்டு நிலையத்தில் நெசவாளரும் அச்சுத்தொழிலாளரும் பணிபுரிதலை அவர் நேரிற் கண்டறிந்தார்.

கல்வி முடித்து வின்னெபாவில் ஆசிரியப்பணி ஏற்ற காலத்தில், அங்காடிப் பெண்டிர் பண்டம் பரப்பும் வட்ட மரத்தட்டுகளில், சுட்ட இரும்பால் 'அடிங்க்ரா' குறிகளைத் தழுவிய வடிவங்களைப் பொறித்தார். அக்குறிகள் அக்கான் மக்களுடையவை. எவே மக்களுடையவை அல்ல. எனவே, அவர் நாடியது தம் இனத்து வழக்கை மட்டுமன்று என்பது தெளிவு.

1975-இல் நைசீரியாவின் இன்சுக்காப் பல்கலைக்கழகத்தில் ஆசிரியராகச் சேர்ந்து, முப்பதாண்டுக்கு மேல் பணியாற்றினார். 1967 முதல் 1970 வரை நிகழ்ந்த உள்நாட்டுப் போரின் வடு மாறாத ஊர் அது. ஆங்கு அவர் முதற்கண் ஆக்கியவை உடைந்த மட்கலங்கள். பின்னர், பொறிவாளால் அறுத்துத் தீயாற் கருக்கிய மரப்பட்டிகளை அடுக்கினார். அப்பட்டிகளுட் பல, வரிசை மாற்றி வைத்தற்கு ஏற்றவை.

மதுமூடிகள் அவர் கைக்கு வந்தது 1990-களின் இறுதியிலேயாம். 'ஆடவன் ஆடை', 'மகளிர் ஆடை' எனப் பொருள்படும் பெயருடைய தொடக்கப் படைப்புகள் இரண்டும் இலண்டன் பிரித்தானியக் காட்சிச்சாலையில் உள்ளன. இப்பெயர்களே கென்டே என்னும் கொள்கைக்கு முதற்சான்று. ஆயின், இவற்றில் பாவும் இல்லை, ஊடும் இல்லை. தட்டியும் முறுக்கியும் மடித்தும் அமைத்த துண்டுகள் ஒன்றோடொன்று பிணைக்கப்பட்டுள்ளன. மேலும், இத்திரைகளைத் தொங்கவிடும் முறையை ஆசிரியர் அறுதியிட்டுரைப்பதில்லை. இடந்தோறும் மடிப்பு மாற, உருவமும் மாறும். துண்டுகளை இணைத்தலும் உருவத்தை நிலைப்படுத்தாமையும் மட்கலத்திலும் மரத்திலும் முன்னரே முளைத்தவை. ஆகவே, நெசவு இவற்றிற்குச் சாயல் தந்தது, அடிப்படை தந்ததன்று.

பொருளின் வரலாறும் ஈண்டு நோக்கத்தக்கது. ஐரோப்பிய வணிகர் ஆப்பிரிக்கக் கரைக்கு மதுவைக் கொணர்ந்து, பண்டங்களையும் அடிமைகளையும் மாற்றாகப் பெற்றனர். அமெரிக்கத் தோட்டங்களில் அவ்வடிமைகள் விளைத்த கரும்பிலிருந்தே 'ரம்' என்னும் மது வடிக்கப்பட்டது. மும்மாநிலங்களைப் பிணித்த அக்கொடுமையின் எச்சமாகவே மூடி அமைகின்றது. கென்டே என்று மட்டும் கூறி அமையின், இவ்வரலாறு மறைந்தொழியும்.

வெனிசுப் பெருங்கண்காட்சி 2015-இல் வாழ்நாட் பணிக்குரிய பொன்னரிமா விருதை அவருக்கு வழங்கிற்று. உடைந்ததையும் எறியப்பட்டதையும் இணைத்து, இணைத்தபின்னும் மாறுதற்கு இடம் விட்ட நெறியே அவர் கலையின் உயிர்நிலை எனத் துணியலாம்.