சோனகத் தெருவிலிருந்து புத்தளத்துக்கு: பிள்ளைகளின் பக்கம்

வடக்கு முஸ்லிம்களின் வெளியேற்றம் பற்றி நம்மவர் எழுதியவற்றில் பெரும்பகுதி சொத்துக் கணக்காகவும் தலைக் கணக்காகவுமே இருக்கிறது. ஐந்து மாவட்டங்கள், 70,000-க்கும் அதிகமான மக்கள், விட்டுவந்த வீடுகள், கடைகள், வயல்கள், பள்ளிவாசல்கள். அந்தக் கணக்கு வேண்டியதுதான். அது இல்லாமல் நியாயம் கேட்க முடியாது. ஆனால் பிள்ளைகளின் பெயரில் காணி உறுதி எதுவும் இருக்கவில்லை. ஆகையால் அவர்கள் இழந்தது எந்தப் படிவத்திலும் ஏறவில்லை. அன்று எனக்குப் பத்து வயது. அந்த வயதுக்காரர் இப்போது நாற்பதைத் தாண்டிவிட்டோம். எங்கள் ஞாபகங்களையும் சான்றாக எடுத்துக்கொள்ள இனியும் பிந்தக்கூடாது.

நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1990 ஜூனில் போர் மறுபடி மூண்டது. ஓகஸ்டில் கிழக்கில் காத்தான்குடிப் பள்ளிவாசல்களிலும் ஏறாவூரிலும் நம்மவர்கள் கொல்லப்பட்டார்கள். ஒக்ரோபர் நடுப்பகுதியில் சாவகச்சேரி முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டார்கள், பிறகு மன்னார்த் தீவு. ஒக்ரோபர் 30, செவ்வாய்க்கிழமை, யாழ்ப்பாண நகரம். விடுதலைப் புலிகள் ஒலிபெருக்கியில் அறிவித்து, ஒஸ்மானியாக் கல்லூரிக்குப் பக்கத்து ஜின்னா மைதானத்துக்கு ஆட்களை அழைத்தார்கள். வெளியேற இரண்டு மணித்தியாலம். வெளிவாசலில் சோதனை. 150 ரூபாய் காசும் மாற்றுடுப்பும் மிஞ்சின. பெண்பிள்ளைகளின் காதுத் தோடுகளைக்கூடக் கழற்றி வாங்கினார்கள்.

பெரியவர்களின் வாக்குமூலங்களில் அந்த நாள் அழுகையும் ஆத்திரமுமாக வருகிறது. என் வயதுக்காரரிடம் கேட்டால் வேறு விதமான ஞாபகங்கள் வருகின்றன. ஒருவருக்குக் கூட்டில் விட்டுவந்த புறா. இன்னொருவருக்கு நண்பனிடம் இரவல் வாங்கித் திருப்பிக் கொடுக்காத கணிதப் புத்தகம். எனக்கு, 'வெளிக்கிடுங்கோ' என்று சொன்ன பையனின் முகம். துவக்கு வைத்திருந்தான். எங்கள் தெரு அண்ணன்மாரைவிட மூப்பானவனாகத் தெரியவில்லை. சில்லறை ஞாபகங்கள் என்று இவற்றைத் தள்ளிவிட முடியாது. பிள்ளைக்கு உலகம் அந்த அளவுதான். அந்த உலகம் முழுசாகப் போயிற்று.

இதே தீபகற்பத்திலிருந்து அதே காலத்தில் ஆயிரக்கணக்கான தமிழ்ப் பிள்ளைகள் ரொறன்ரோவுக்கும் இலண்டனுக்கும் பாரிசுக்கும் போனார்கள். புதிய நாட்டுக்குப் போன பிள்ளைகள் என்றால் அவர்களைத்தான் நினைக்கிறோம். பனி, தெரியாத பாஷை, தாய்தகப்பனுக்காக வைத்தியரிடமும் அரச அலுவலகத்திலும் மொழிபெயர்க்கும் பத்து வயதுப் பிள்ளை. எங்களுக்கு இவை எதுவும் இல்லை. நாடு ஒன்று, பாஷை ஒன்று, கிப்லா ஒன்று. யாழ்ப்பாணத்துக்கும் புத்தளத்துக்கும் இடையே கடவுச்சீட்டு கேட்பவர் யாருமில்லை. அப்படியிருந்தும் எங்களுக்குப் புத்தளம் ஒரு புதிய நாடாகத்தான் இருந்தது. அது ஏன் என்ற கேள்வி வரலாற்றாய்வில் கவனிக்கப்பட வேண்டியது.

முதலில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். புத்தளத்து மக்கள் அன்று செய்ததை மறப்பது நன்றிகெட்ட வேலை. பள்ளிவாசல்களையும் பாடசாலைகளையும் திறந்துவிட்டார்கள். சோறு ஆக்கிப் போட்டார்கள். முன்பின் தெரியாத குடும்பங்களை வீட்டு விறாந்தையில் படுக்க வைத்தார்கள். ஆனால் விருந்தாளி என்பவர் நாலைந்து நாள் இருப்பவர். நாங்கள் போகவில்லை. தில்லையடி, பாலாவி, ஆலங்குடா, கற்பிட்டி என்று கிடுகுக் கொட்டில்கள் பரவின. கூலிக்கு ஆள் பெருகக் கூலி இறங்கியது. கிணறு, ஆஸ்பத்திரி, வகுப்பறை எல்லாவற்றிலும் நெருக்கம். உள்ளூர் ஏழைக்கு நிவாரண அட்டை இல்லை, எங்களுக்கு இருந்தது. இரு பக்கத்துக்கும் சொல்ல நியாயம் இருந்தது. 'அகதி' என்ற சொல் அந்த இடைவெளியில்தான் பட்டப்பெயராக மாறியது.

பிள்ளைகள் அந்தச் சொல்லைப் பாடசாலையில்தான் கேட்டோம். பல இடங்களில் காலையில் ஊர்ப்பிள்ளைகளும் பின்னேரம் இடம்பெயர்ந்த பிள்ளைகளும் அதே கட்டடத்தில் படித்தோம். நாங்கள் பாயிலிருந்து எழும்பும்போது அவர்கள் வெள்ளை உடுப்போடு போவார்கள். அவர்கள் திரும்பும் வெயிலில் நாங்கள் போவோம். நிர்வாகத்துக்கு அது வசதியான ஏற்பாடு. பிள்ளைகளுக்கோ, ஒரே மேசையில் இருந்தும் ஒருவரை ஒருவர் காணாமல் வளர்வதற்கான ஏற்பாடு. நான் சேர்ந்த பாடசாலையில் பிறப்பு அத்தாட்சிப் பத்திரம் இல்லையென்று பலநாள் பெயர் பதியவில்லை. பத்திரம் யாழ்ப்பாணத்தில் அலுமாரிக்குள் கிடந்தது. சின்ன வெங்காயம் பிடுங்கும் காலத்தில் பின்னேர வகுப்பு பாதி காலியாகும். கற்பிட்டிப் பக்கத் தோட்டங்களில் உம்மாமாரோடு பிள்ளைகளும் நின்றார்கள். அப்படிப் போன சிலர் திரும்பி வரவேயில்லை. அவர்களில் பெரும்பாலோர் பெண்பிள்ளைகள்.

பாஷை ஒன்று என்றேன். உண்மையில் அதுதான் எங்களைக் காட்டிக் கொடுத்தது. 'வாங்கோ, இருங்கோ, பேந்து வாறன்' என்று வாய் திறந்தாலே வகுப்பில் சிரிப்பு வரும். எந்த ஊரை விட்டுத் துரத்தினார்களோ அந்த ஊரின் தமிழ்தான் எங்கள் வாயில். கொழும்புப் பக்கம் போனவர்களுக்கு அதே பேச்சு வேறு கஷ்டம் கொடுத்தது, சோதனைச் சாவடியில் பொலிஸ்காரன் யாழ்ப்பாணத்தான் என்று ஒதுக்கி நிறுத்துவான். பிள்ளைகள் இதைச் சீக்கிரம் கற்றுக்கொண்டோம். வெளியே ஒரு பேச்சு, வீட்டுக்குள் ஒரு பேச்சு. ரொறன்ரோப் பிள்ளை இரண்டு பாஷையில் செய்ததை நாங்கள் ஒரே பாஷைக்குள் செய்தோம். உம்மும்மா மட்டும் கடைசிவரை மாறவில்லை. 'எங்கட கதை எங்களுக்கு' என்பார்.

சோனகத் தெருவும் தமிழ்ப் பாடசாலைகளும் எவ்வளவு நெருங்கியிருந்தன என்பதை இங்கே நினைவூட்டலாம். 1911 இல் வண்ணார்பண்ணையில் பிறந்த ஏ.எம்.ஏ. அஸீஸ், குர்ஆன் மதரஸாவில் தொடங்கி வைத்தீஸ்வர வித்தியாலயத்திலும் யாழ் இந்துக் கல்லூரியிலும் படித்தவர். இலங்கை சிவில் சேவையில் சேர்ந்த முதல் முஸ்லிம். கொழும்பு ஸாஹிறாவின் அதிபராக இருந்து ஒரு தலைமுறையையே உருவாக்கியவர். எங்கள் சமூகத்தின் கல்விச் சரித்திரம் இந்துக் கல்லூரியின் வாசலைத் தாண்டாமல் எழுதப்பட முடியாதது. 1990 இல் பிள்ளைகள் இழந்தவற்றில் இந்த உறவும் ஒன்று. எங்களுக்குப் பின் புத்தளத்தில் வளர்ந்தவர்களுக்குத் தமிழர் என்றால் வாப்பா சொல்லும் கதையில் வரும் ஆட்கள்தான், நல்லவர்களாகவோ கெட்டவர்களாகவோ. கூட இருந்து படித்தவர்கள் அல்ல.

2002 ஏப்ரலில் கிளிநொச்சிப் பத்திரிகையாளர் மாநாட்டில் புலிகளின் தலைமை வெளியேற்றத்துக்கு வருத்தம் தெரிவித்தது. முஸ்லிம்கள் திரும்பலாம் என்றது. 2009 இல் போர் முடிந்தது. திரும்புவது பற்றிய பேச்சு அதற்குப் பிறகுதான் உண்மையில் சூடுபிடித்தது. யார் திரும்பினார்கள் என்று பார்த்தால், பல வீடுகளில் வாப்பா மட்டும் போய் ஐந்து சந்திப் பக்கம் கடை போட்டார். உம்மாவும் பிள்ளைகளும் புத்தளத்தில் இருந்தார்கள். காரணம் கேட்டால் கூரையில்லாத வீடு, வராத வீட்டுத் திட்டம் என்று சொல்வார்கள். அது மெய்தான். ஆனால் அடுத்த வசனம் அநேகமாக 'பிள்ளைகளின்ட படிப்பு' என்பதாக இருக்கும். பாடசாலைக்கு மாணவர் வந்தால்தான் ஆசிரியர் வருவார், ஆசிரியர் இருந்தால்தான் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போகலாம். ஒஸ்மானியாவும் கதீஜாவும் இந்தச் சுற்றிலிருந்து மெல்ல மெல்லத்தான் வெளியே வந்தன. மன்னாரார் புத்தளம் நாகவில்லில் எருக்கலம்பிட்டி என்ற பெயரிலேயே பாடசாலை நடத்தினார்கள். ஊருக்குப் போகாமலே ஊர்ப் பெயரில் படித்து முடித்த பிள்ளைகள் உண்டு.

பேராசிரியர் எஸ்.எச். ஹஸ்புல்லாஹ் போன்றவர்கள் காணியையும் மீள்குடியேற்றத்தையும் பற்றி உழைத்து எழுதினார்கள். 2011 இல் பிரஜைகள் ஆணைக்குழுவின் அறிக்கையும் வந்தது. பிள்ளைகளின் பாடசாலை இடாப்புகளை யாரும் ஒழுங்காகத் தேடிச் சேர்க்கவில்லை. பின்னேர வகுப்புகளின் இடாப்புகள் சில இன்னமும் கரையான் தின்னாமல் இருக்கக்கூடும். எத்தனை பேர் சேர்ந்தார்கள், எந்த மாதத்தில் நின்றார்கள், பெண்பிள்ளைகள் எந்த வகுப்போடு காணாமல் போனார்கள் என்று அவை சொல்லும்.

என் அக்காவின் மகன் தில்லையடியில் பிறந்தவன். எந்த ஊர் என்று கேட்டால் தயங்காமல் யாழ்ப்பாணம் என்பான். பதினாலு வயதில் முதல்தடவையாகச் சோனகத் தெருவுக்குக் கூட்டிக்கொண்டு போனார்கள். ஒரு மாதம் அங்கே படித்தான். புதிய நாட்டுக்கு வந்த பிள்ளை போல வகுப்பின் பின்வாங்கில் இருந்தானாம். அவன் பேச்சைக் கேட்டு, 'நீ புத்தளமோ?' என்று பக்கத்துப் பையன் கேட்டிருக்கிறான்.