சுப்புலட்சுமி, எம். எஸ். (திரைவாழ்வு)

மதுரையில் பிறந்த கர்நாடக இசைக் கலைஞர் எம். எஸ். சுப்புலட்சுமி (1916–2004) திரையில் நடித்தது பத்தாண்டுக்கும் குறைவே. கே. சுப்பிரமணியம் இயக்கிய ‘சேவாசதனம்’ (1938) முதல் படம். பிரேம்சந்தின் நாவலைத் தழுவி, முதியவருக்கு மணமுடிக்கப்பட்ட இளம்பெண்ணின் துயரைப் பேசியது. அக்காலத்துக்குத் துணிச்சலான கதைதான். எல்லிஸ் ஆர். டங்கனின் ‘சகுந்தலை’யில் (1940) துஷ்யந்தனாக ஜி. என். பாலசுப்பிரமணியம் நடித்தார், இரு பெரும் பாடகர்கள் காதலர்களாக நடித்தால் ரசிகர்களுக்குக் கேட்கவா வேண்டும்! ‘சாவித்திரி’யில் (1941) சுப்புலட்சுமி நாரதராக ஆண்வேடம் ஏற்றார், அந்த ஊதியம் ‘கல்கி’ இதழ் தொடங்கக் கைகொடுத்தது. டங்கனே இயக்கிய ‘மீரா’ (1945) அவரது நடிப்பின் உச்சம். அதில் எம்.ஜி.ஆருக்குச் சிறு வேடம். 1947இல் ‘மீரா’ இந்தியிலும் வெளியானது. அதன்பின் சுப்புலட்சுமி எந்தப் படத்திலும் நடிக்கவில்லை.