வின்செஸ்டர் பீடத்தில் இரு நீதிபதிகள்

இல்செஸ்டர் ரிச்சர்டும் வில்லியம் ராலேயும் இங்கிலாந்து அரசர்களின் நீதிபதிகள். இருவருமே வின்செஸ்டரின் ஆயர்கள். இடையில் எழுபது ஆண்டுகள். முன்னவரைப் பீடத்தில் ஏற்றியவன் இரண்டாம் ஹென்றி. பின்னவர் ஏறிவிடாமல் மல்லுக்கு நின்றவன் அவனுடைய பேரன் மூன்றாம் ஹென்றி.

பேராயர் பெக்கெட்டோடு நடந்த மோதலில் ரிச்சர்ட் அரசன் பக்கம் நின்றார். 1166இல் வெஸலேயில் பெக்கெட் அவரைச் சபைக்குப் புறம்பாக்கினார். பெக்கெட் கொலையுண்டு மூன்றாண்டு முடியுமுன் ரிச்சர்டே ஆயராகத் தேர்வானார். ராலேக்கு எல்லாமே தலைகீழ். 1238இல் வின்செஸ்டர் துறவிகள் அவரை விரும்ப, அரசன் தன் மனைவியின் தாய்மாமனுக்காகப் பிடிவாதம் பிடித்தான். அந்த மாமன் கொலைக்கு அஞ்சாதவர் என்று துறவிகள் மறுத்தபோது, அவர் வாளால் கொன்றதைவிட ராலே நாவால் கொன்றவர்களே அதிகம் என்றானாம் அரசன். எழுதிவைத்தவர் அக்கால வரலாற்றாசிரியர் மத்தேயு பாரிஸ். அந்த நா தீர்ப்புச் சொன்னது தன் நீதிமன்றத்தில்தான் என்பதை அவன் வசதியாக மறந்துவிட்டான்! 1244இல் ராலே ஆயராக நுழைய வந்தபோது வின்செஸ்டர் நகர வாயில்களையும் அடைத்துவிட்டான். ராலே நகரின் மீது திருச்சபைத் தடை விதித்துவிட்டு பிரான்சுக்குத் தப்பினார். ஒருவரைத் தண்டித்தது திருச்சபை. மற்றவரை விரட்டியது அரசு.

ஆயர் பொறுப்பும் நீதிபதிப் பொறுப்பும் சேர்ந்திருக்கலாமா என்பதிலும் இருவரும் வேறுபடுகிறார்கள். குருமார் அரச நீதிபதிகளாக இருப்பதை 1179இல் மூன்றாம் லேட்டரன் சங்கம் கண்டித்தது. அதே ஆண்டில்தான் வின்செஸ்டர், ஈலி, நார்விச் ஆயர்கள் மூவரையும் இரண்டாம் ஹென்றி தலைமை நீதிபதிகளாக்கினான். ரிச்சர்ட் தயங்கியதாகத் தெரியவில்லை. ராலேயோ 1239இல் நார்விச் ஆயரானதும் நீதிபதி இருக்கையை விட்டு எழுந்துவிட்டார்.

ஆனால் ஏடுகளைப் புரட்டினால் இருவரும் ஒரே குலம். கருவூலத்தில் கணக்குச் சொல்ல வரும் ஷெரிப்புகளுக்கு அனுப்பப்படும் அழைப்பாணைகளை முன்கூட்டியே நகலெடுத்து வைக்கும் வழக்கத்தை ரிச்சர்ட் கொண்டுவந்தார். ஷெரிப் பணம் கட்ட வரும்போது எழுத்தர் ஆணையை நகலோடு ஒப்பிடுவார். ஆணையில் ஓர் எண்ணைச் சுரண்டி மாற்றியிருந்தாலும் அங்கேயே பிடிபடும். கடனாளிகள் பெருகி, ஓர் ஆணைக்கே ஒரு முழுத் தோல் போதாமல் போனபோது அந்த வழக்கம் கைவிடப்பட்டது. ஐயப்படத் தெரிந்த எழுத்தரின் மூளை அது. ஆயர் முடிக்கு அடியிலும் அது மாறியிருக்காது என்றே எனக்குத் தோன்றுகிறது.

ராலே வளர்ந்ததும் எழுத்தராகத்தான். நீதிபதி மார்ட்டின் பாட்டிஷலிடம் வேலை பார்த்த அவர், குருவின் வழக்குச் சுருள்களைக் காத்து, தம் சுருள்களையும் சேர்த்தார். அவரிடம் எழுத்தராயிருந்த பிராக்டன் கைக்கு அவை போயின. பிராக்டன் பெயரில் வழங்கும் பெரும் சட்டநூலில் கணிசமான பகுதி ராலேயின் வட்டத்தில் உருவானது என்று இன்றைய ஆய்வாளர் பலர் கருதுகிறார்கள். ரிச்சர்ட் நகலெடுத்தது ஏமாற்றைப் பிடிக்க. ராலே சேர்த்துவைத்தது முன்தீர்ப்பைத் தேட. 1258இல் அந்தச் சுருள்களைத் திருப்பித் தருமாறு பிராக்டனுக்கு ஆணை வந்தது. ஒப்படைக்கச் சொன்ன இடம், ரிச்சர்டின் நகல்களோடு ஒருகாலத்தில் ஆணைகள் ஒப்பிடப்பட்ட அதே அரசுக் கருவூலம்.