மேசை விரிகுடாவில் ஒரு தீவு

தென்னாப்பிரிக்காவின் தென்மேற்குக் கோடியில், உச்சி தட்டையாக வெட்டி வைத்தாற்போன்ற ஒரு மலையின் அடிவாரத்தில் அமைந்திருக்கிறது கேப் டவுன் நகரம். மலையின் பெயர் மேசை மலை. அதன் முன் விரிந்து கிடக்கும் கடலுக்கும் மேசை விரிகுடா என்றே பெயர். அவ்விரிகுடாவின் வாயிலில், மிக அண்மைக் கரையிலிருந்து ஏறத்தாழ 7 கிலோமீட்டர் தொலைவில் கிடக்கிறது ராபன் தீவு. வடக்கு தெற்காக 3 கிலோமீட்டருக்குச் சற்று மேல். அகலம் 2 கிலோமீட்டருக்கும் குறைவு. மேடு என்று சொல்லத்தக்கது ஒன்றுதான். அதன்மேல் 1865 முதல் ஒரு கலங்கரை விளக்கம் நிற்கிறது.

ஒல்லாந்தர் மொழியில் ‘ராபன்’ என்றால் கடல்நாய்கள். அவ்விலங்குகளும் பெங்குவின் பறவைகளும் மொய்த்துக் கிடந்த இடம் அது. வழிப்போன கப்பற்காரர்கள் இறைச்சிக்காக அடித்துக் குவித்ததில், 1800ஆம் ஆண்டையொட்டிப் பெங்குவின்கள் அடியோடு அற்றுப்போயின. 1983இல்தான் அவை திரும்பி வந்தன. மனிதரைப் பற்றிய கதையோ வேறு. அவர்கள் தாமாக வந்தவரல்லர், கொண்டுவரப்பட்டவர்கள்.

தீவிலிருந்து பார்த்தால் நகரமும் மலையும் கண்ணெதிரே தெரியும். இடையே ஓடுவது பெங்குவேலா நீரோட்டத்தின் குளிர்ந்த நீர். அலையும் மூடுபனியும் அதனுடன் சேர்ந்து கொள்ளும். கண்ணுக்கு எட்டிய கரை, காலுக்கு எட்டாது. சிறைக்கென்று இதனினும் கொடிய இடத்தை ஆள்வோர் தேடியிருக்க வேண்டியதில்லை.

1652இல் ஒல்லாந்தக் கம்பெனியார் நன்னம்பிக்கை முனையில் குடியேறினர். அம்மண்ணின் மைந்தர்களான கோய்கோய் மக்களின் தலைவர் அவுட்ஷுமாவோ அவர்களுக்கு மொழிபெயர்ப்பாளராய் இருந்தார். 1658இல் அவரையே இத்தீவுக்கு அனுப்பினார்கள். மறு ஆண்டே அவர் ஒரு சிறு படகில் ஏறித் தப்பினார். பின்னாளில் ஆங்கிலேயர் 1819இல் கொண்டுவந்த கோசா இனத்தின் மக்கண்டாவுக்கு அந்த நற்பேறு வாய்க்கவில்லை. தப்பிச் செல்லும் முயற்சியில் அவர் கடலில் மூழ்கினார்.

ஒல்லாந்தரின் வாணிகக் கோட்டைகள் அந்நாளில் நம் பழவேற்காட்டிலும் நாகப்பட்டினத்திலும், இலங்கையிலும் இருந்தன. ஜாவா, மலுக்குத் தீவுகளில் அவர்களை எதிர்த்த இளவரசர்களையும் மார்க்க அறிஞர்களையும் நாடு கடத்துவதற்கு உகந்த தொலைவாக நன்னம்பிக்கை முனையைக் கண்டார்கள். அவ்வாறு வந்தவர்களுள் தலையாயவர் திதோர் தீவைச் சேர்ந்த இமாம் அப்துல்லாஹ் இப்னு காளி அப்துஸ்ஸலாம். மக்கள் அவரை ‘துவான் குரு’ என்று அழைத்தனர். ஆங்கிலேயருடன் சேர்ந்து சதி செய்தார் என்ற குற்றச்சாட்டின் பேரில் 1780இல் ராபன் தீவில் அடைக்கப்பட்டபோது, அவர் அறுபத்தைந்தைத் தாண்டிய முதியவர்.

கையில் நூல் எதுவும் இல்லை. நெஞ்சில் திருக்குர்ஆன் இருந்தது. அதை முழுமையாக நினைவிலிருந்தே எழுதி முடித்தார் என்பது கேப் முஸ்லிம்கள் வழிவழியாகப் போற்றிவரும் செய்தி. 1781இல், கைதான மறு ஆண்டிலேயே, ‘மஃரிஃபத்துல் இஸ்லாம் வல் ஈமான்’ என்னும் பெருநூலை அரபியிலும் மலாயிலும் எழுதி நிறைவு செய்தார். கேப் முஸ்லிம்களுக்குத் தலைமுறை தலைமுறையாக அகீதாப் பாடமாக விளங்கியது அந்நூல். அவர்களும் நம் கடற்கரை ஊர்களைப் போல ஷாஃபி மத்ஹபினரே. நாம் தமிழை அரபு எழுத்தில் எழுதியதுபோல, அம்மக்கள் 19ஆம் நூற்றாண்டில் ஆப்பிரிகான்ஸ் மொழியை அரபு எழுத்தில் எழுதினார்கள். ஒருவரையொருவர் காணாமலே இரு சமுதாயங்கள் ஒரே வழியைக் கண்டது வியப்பிற்குரியது.

ஏறத்தாழ 12 ஆண்டுகள் கைதியாகக் கழித்து விடுதலை பெற்ற துவான் குரு, ஊர் திரும்பாமல் கேப் டவுனிலேயே தங்கி, 1793இல் டார்ப் தெருவில் மதரஸா ஒன்றைத் தொடங்கினார். அடிமைகளின் பிள்ளைகளும் அங்கே ஓதக் கற்றனர். இலங்கையிலிருந்து அடிமையாகக் கொண்டுவரப்பட்டு, பின் விடுதலை பெற்ற கோரிடான் என்பவரின் வீட்டிடத்தில் எழுந்ததே ‘அவ்வல்’ பள்ளிவாசல். பெயருக்கேற்ப அந்நாட்டின் முதற்பள்ளி அதுதான். வெளிப்படையாகத் தொழும் உரிமையோ 1804இல்தான் சட்டப்படி கிடைத்தது. 1807இல் அவர் மறைந்தார். அவர் கையெழுத்தில் அமைந்த முஸ்ஹஃப் ஒன்று, 1980களின் நடுவில் அப்பள்ளியைப் புதுப்பித்தபோது பரணிலிருந்து ஒரு பையில் கிடைத்தது. ஏடுகளில் பக்க எண் இல்லாமையால், அவற்றை வரிசைப்படுத்தவே நெடுநாள் பிடித்தது.

தீவிலேயே உயிர் நீத்தவர் சையிது அப்துர்ரஹ்மான் மதுரா. 18ஆம் நூற்றாண்டின் நடுவில் அங்கே சிறையிருந்த அப்பெரியாருக்கு, 1969இல் பச்சைக் குவிமாடத்துடன் ஒரு தர்கா எழுப்பப்பட்டது. சிறைக் கட்டடத்தின் அருகிலேயே அது நிற்கிறது. அப்போது அச்சிறைக்குள் நெல்சன் மண்டேலா இருந்தார்.

இடையில் 1846 முதல் தொழுநோயாளரையும் மனநோயாளரையும் தீவுக்கு அனுப்பினர். 1931இல் தொழுநோய் விடுதி மூடப்பட்டது. 1961இல் நிறவெறி அரசு மீண்டும் சிறையைத் திறந்தது. மண்டேலாவுடன் 1964இல் வந்தவர்களுள் அஹ்மது கத்ராடாவும் ஒருவர். குஜராத்தி முஸ்லிம் குடும்பத்தில் பிறந்தவர். அவ்வழக்கில் தண்டனை பெற்று இத்தீவுக்குக் கொண்டுவரப்பட்டவர்களில் வயதில் இளையவர். இந்தியர் என்பதால் அவருக்கு நீளக் கால்சட்டையும் உணவில் ரொட்டியும் கிடைத்தன; மூத்தவரான மண்டேலாவுக்குக் கறுப்பர் என்பதால் அரைக்கால் சட்டை, ரொட்டியும் இல்லை. அநீதியை இத்தனை நுணுக்கமாக அளந்து கொடுத்த அரசை வரலாற்றில் அதிகம் காண முடியாது.

பகலில் சுண்ணாம்புக் குழியில் கல்லுடைப்பு; அதன் வெள்ளொளி கண்களைப் பழுதாக்கியது. இரவில் மண்டேலா தம் வாழ்க்கை வரலாற்றை மறைவாக எழுத, கத்ராடாவும் வால்டர் சிசுலுவும் அதைப் படித்துத் திருத்தம் சொன்னார்கள்; லாலு சீபாவும் மாக் மகராஜும் பொடி எழுத்தில் படியெடுத்தார்கள். 1976இல் விடுதலையான மகராஜ் அப்படியை வெளியே கொண்டுபோனார். முற்றத்தில் புதைத்த மூலப்படியோ அகப்பட்டுவிட்டது. அதற்காக மண்டேலா, சிசுலு, கத்ராடா மூவருக்கும் 4 ஆண்டுகள் கல்வி கற்கும் சலுகை பறிக்கப்பட்டது. காந்தியடிகளின் தோழர் தம்பி நாயுடுவின் பேரர் இந்திரஸ் நாயுடுவும் இங்கே 10 ஆண்டுகள் கழித்தார். வெளிவந்தபின் அவ்வாழ்வை நூலாக்கினார்.

1996இல் சிறை மூடப்பட்டு, 1997இல் அருங்காட்சியகமாயிற்று. 1999இல் யுனெஸ்கோ அதனை உலக மரபுச் சின்னமாக ஏற்றது. பார்வையாளரை அறை அறையாக அழைத்துச் சென்று விளக்கும் பணியை முன்னாள் கைதிகளே மேற்கொண்டனர். அருங்காட்சியக மன்றத்தின் தலைவராயிருந்த கத்ராடா, சிறையிலிருந்தபடியே 4 பட்டங்கள் பெற்றவர். தம் வாழ்நாளில் 18 ஆண்டுகளை விழுங்கிய அத்தீவுக்கு மீண்டும் மீண்டும் படகேறி, வந்தவர்க்கெல்லாம் அறைகளைக் காட்டிய அவர், 2017இல் காலமானார்.