யுரேனஸின் பேரன்

சென்ற பருவத்தில் ஒரு நாள் கதிரியக்கம் பற்றி வகுப்பு எடுத்துக்கொண்டிருந்தேன். யுரேனியம் ஆல்பாத் துகளை உமிழ்ந்து தோரியமாக மாறுகிறது. அந்த ஆல்பாத் துகள் ஹீலியத்தின் உட்கருவே ஆகும். இதைக் கரும்பலகையில் எழுதிவிட்டு, பாடத்தின் வறட்சி சற்றுக் குறையட்டும் என்று ஒரு புராணச் செய்தியையும் சொன்னேன். கிரேக்கப் புராணத்தில் யுரேனஸ் என்பவர் வானக் கடவுள். அவருடைய மகன் ஹைப்பீரியன். ஹைப்பீரியனின் மகன்தான் சூரியக் கடவுளாகிய ஹீலியாஸ். ஆக, யுரேனியத்திலிருந்து ஹீலியம் பிறப்பது பாட்டனின் குடும்பத்தில் பேரன் பிறப்பது போன்றது என்றேன்.

கடைசி வரிசையில் ஒரு மாணவர் எழுந்தார். "அப்படியானால் ஐயா, இந்த உண்மை கிரேக்கர்களுக்கு அன்றே தெரிந்திருக்கிறது என்றுதானே பொருள்?" என்று கேட்டார். மணி அடித்துவிட்டது. "தற்செயல்" என்று ஒரே சொல்லில் விடை கூறிவிட்டு வந்துவிட்டேன். அவர் முகத்தில் நிறைவு இல்லை. நல்ல கேள்விக்கு அரைகுறை விடை தந்தோமே என்ற உறுத்தல் எனக்கும் இருந்தது. அந்த விடையை முழுமையாகத் தரும் முயற்சியே இக்கட்டுரை. வாசகர்களே, நீங்களும் அந்த வகுப்பில் அமர்ந்திருப்பதாக எண்ணிக்கொள்ளுங்கள்.

குதிரைத் தேரும் பொற்கிண்ணமும்

பழங்காலக் கிரேக்கர்களின் உலகம் தட்டையானது. அதைச் சுற்றி ஓஷனஸ் என்னும் பேராறு ஓடிக்கொண்டிருந்தது. ஹீலியாஸ் நாள்தோறும் காலையில் கிழக்கே நான்கு குதிரைகள் பூட்டிய தேரில் ஏறி, வானத்தைக் கடந்து, மாலையில் மேற்கே இறங்குவார். சரி, மேற்கே இறங்கியவர் மறுநாள் காலையில் எப்படிக் கிழக்கே தோன்றுகிறார்? இக்கேள்வி கிரேக்கர்களுக்கும் எழுந்தது. இரவில் அவர் ஒரு பொற்கிண்ணத்தில் அமர்ந்து, ஓஷனஸ் ஆற்றின் வழியே மிதந்து கிழக்குக்குத் திரும்பிவிடுகிறார் என்று அவர்களுடைய கவிஞர்கள் பாடினார்கள்.

இதைக் கேட்டுச் சிரிக்க வேண்டியதில்லை. கண்ணால் கண்ட நிகழ்ச்சிக்குக் காரணம் தேடும் முயற்சி இதில் இருக்கிறது. ஆனால் ஒரு குறையும் இருக்கிறது. அந்தக் கிண்ணம் உண்டா, இல்லையா என்று சோதித்துப் பார்க்க வழியில்லை. கடவுளின் தேரை அளந்து பார்க்க யாருக்குத் துணிவு வரும்?

ஹோமரின் காவியங்களில் ஹீலியாஸும் அப்போலோவும் வெவ்வேறு கடவுளர். அப்போலோ வெள்ளி வில்லை ஏந்தியவர். பிற்காலத்தில்தான் இருவரும் ஒருவரே என்ற எண்ணம் பரவிற்று. ரோட்ஸ் தீவு மக்கள் ஹீலியாஸுக்குச் சற்றேறக்குறைய 30 மீட்டர் உயரமான வெண்கலச் சிலை எழுப்பினார்கள். பண்டைய உலகின் ஏழு அதிசயங்களுள் ஒன்றாகிய அது, கி.மு. 226ஆம் ஆண்டையொட்டி நிகழ்ந்த நிலநடுக்கத்தில் சாய்ந்தது. ஆனால் சிலை எழுப்பப்படுவதற்கு முன்பே, ஒரு மனிதர் சூரியக் கடவுளை வேறு விதமாக அசைத்துப் பார்த்துவிட்டார்.

கடவுள் அல்ல, கல்

அவர் பெயர் அனக்சாகொரஸ். கி.மு. 500ஆம் ஆண்டளவில் கிளாசோமெனே என்ற ஊரில் பிறந்தவர். ஏதென்ஸ் நகருக்கு வந்து, அதன் தலைவராகிய பெரிக்ளிஸின் நண்பராகவும் ஆசிரியராகவும் விளங்கினார். கி.மு. 467ஆம் ஆண்டையொட்டி ஈகோஸ்பொட்டமி என்னும் இடத்தில் வானத்திலிருந்து ஒரு பெரிய கல் விழுந்தது. வானத்திலிருந்து கல் விழுகிறதென்றால், வானத்தில் கல் இருக்கிறது என்றுதானே பொருள்? இவ்வகையான எண்ணப் போக்கில் வந்தவைதான் அவருடைய கருத்துக்கள். சூரியன் பழுக்கக் காய்ந்த கல். அது பெலொப்பொனீஸ் நிலப்பகுதியைவிடப் பெரியது. சந்திரனுக்குச் சொந்த ஒளி இல்லை. அது சூரியனிடமிருந்து ஒளி பெறுகிறது. பூமியின் நிழல் சந்திரன்மேல் விழுவதால் சந்திர கிரகணமும், சந்திரன் இடையே வந்து மறைப்பதால் சூரிய கிரகணமும் ஏற்படுகின்றன.

இவற்றுள் கிரகண விளக்கத்தை இன்றும் பள்ளியில் அப்படியே கற்பிக்கிறோம். ஏதென்ஸ் மக்களுக்கோ இது தெய்வ நிந்தனையாகப்பட்டது. வானத்துப் பொருள்களுக்கு விளக்கம் கூறுவோர்மீது வழக்குத் தொடரலாம் என்று ஓர் ஆணை நிறைவேறியது என்றும், அதன் உண்மையான குறி பெரிக்ளிஸே என்றும் புளூட்டார்க் எழுதுகிறார். அறிவியல் கருத்து அரசியல் பகைக்குக் கருவியாயிற்று. அனக்சாகொரஸ் ஏதென்ஸை விட்டு வெளியேறி, லாம்ப்சக்கஸ் நகரில் குடியேறி, கி.மு. 428ஆம் ஆண்டளவில் அங்கேயே இறந்தார். "உமக்கு என்ன மரியாதை செய்ய வேண்டும்?" என்று அந்நகரத்தார் கேட்டபோது, தாம் இறக்கும் மாதத்தில் ஆண்டுதோறும் சிறுவர்களுக்குப் பள்ளி விடுமுறை விடுமாறு அவர் வேண்டினார் என்று ஒரு செய்தி வழங்குகிறது. மாணவ நண்பர்கள் இதற்காகவேனும் அவரை நினைவில் வைத்துக்கொள்ளலாம்!

பழி அவரோடு முடியவில்லை. கி.மு. 399இல் சாக்ரடீஸை விசாரித்தபோது, சூரியன் கல் என்று கூறுபவர் என்ற குற்றச்சாட்டு அவர்மீதும் வீசப்பட்டது. அது தம் கருத்து அன்று, அனக்சாகொரஸின் நூலில் உள்ளது, அந்நூலை ஒரு டிராக்மா காசுக்கு யாரும் வாங்கலாமே என்று சாக்ரடீஸ் மறுமொழி கூறியதாகப் பிளேட்டோ எழுதியிருக்கிறார்.

ஒரே நிழல், இரண்டு உலகங்கள்

பெலொப்பொனீஸின் குறுக்களவு சுமார் 200 கிலோமீட்டர்தான். சூரியனின் விட்டமோ 13 லட்சத்து 92 ஆயிரம் கிலோமீட்டர். அனக்சாகொரஸ் இவ்வளவு குறைவாகச் சொல்லிவிட்டாரே என்று நீங்கள் நினைக்கலாம். ஒரு சிறு கணக்குப் போட்டுப் பார்ப்போம்.

எகிப்தில் சையீன் என்னும் ஊரில், ஆண்டின் மிக நீண்ட பகல் நாளன்று நண்பகலில் செங்குத்தான கோலுக்கு நிழல் விழுவதில்லை. அதே வேளையில், சுமார் 800 கிலோமீட்டர் வடக்கேயுள்ள அலெக்சாந்திரியாவில் சூரியன் உச்சியிலிருந்து 7.2 பாகை சாய்ந்திருக்கிறது. அனக்சாகொரஸ் எண்ணியது போலப் பூமி தட்டை என்று வைத்துக்கொள்வோம். அப்போது சூரியன் சையீனுக்கு நேர் மேலே உள்ளது; 800ஐ 7.2 பாகையின் டேன்ஜென்ட்டால் வகுத்தால் அதன் உயரம் கிடைக்கும். விடை, ஏறத்தாழ 6,300 கிலோமீட்டர். சூரிய வட்டம் நம் கண்ணில் அரைப் பாகை அளவே தெரிவதால், அதன் விட்டம் 60 கிலோமீட்டர் அளவில் அமையும். தட்டைப் பூமியை நம்பிய ஒருவருக்குச் சூரியன் ஒரு மாவட்டத்தின் அளவாகவோ, சில மாவட்டங்களின் அளவாகவோ தோன்றுவது இயல்பே.

இதே நிழலைத்தான் எரட்டாஸ்தனிஸ் கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் எடுத்துக்கொண்டார். அவர் பூமி உருண்டை என்றும், சூரியன் மிகத் தொலைவில் இருப்பதால் அதன் கதிர்கள் இணையாக வருகின்றன என்றும் கொண்டார். 7.2 பாகை என்பது வட்டத்தில் ஐம்பதில் ஒரு பங்கு. எனவே பூமியின் சுற்றளவு 50 முறை 800, அதாவது 40,000 கிலோமீட்டர். ஆரம் ஏறத்தாழ 6,370 கிலோமீட்டர். முதல் கணக்கில் சூரியனின் உயரமாக வந்த எண்தான் இரண்டாவது கணக்கில் பூமியின் ஆரமாக வருகிறது! அளவீடு ஒன்றே. அதற்கு அடியில் நாம் வைக்கும் எடுகோள் மாறினால் உலகமே மாறிவிடுகிறது.

அதே நூற்றாண்டில் சாமோஸ் தீவைச் சேர்ந்த அரிஸ்டார்க்கஸ், சூரியன் பூமியைப்போல் ஏறத்தாழ ஏழு மடங்கு விட்டமுடையது என்று கணக்கிட்டார். உண்மையில் அது 109 மடங்கு. எனினும், பூமிதான் சூரியனைச் சுற்றுகிறது என்று துணிந்து கூறியவர் அவர். அவர்மீதும் தெய்வ நிந்தனை வழக்குப் போட வேண்டும் என்று கிளியாந்தீஸ் என்னும் தத்துவ ஞானி கருதினார் என்று புளூட்டார்க்கே குறிப்பிடுகிறார்.

பெயர்கள் மிஞ்சின

காலப்போக்கில் கோயில்கள் பாழடைந்தன, வழிபாடு நின்றது. பெயர்கள் மட்டும் அறிவியலுக்கு வந்து சேர்ந்தன. 1781 மார்ச்சு 13ஆம் நாள் வில்லியம் ஹெர்ஷல் ஒரு புதிய கோளைக் கண்டார். அதற்குத் தம் மன்னர் ஜார்ஜின் பெயரை வைக்க விரும்பினார். ஜெர்மானிய வானியலார் போடே வேறொரு வழி கூறினார்: வியாழனாகிய ஜூப்பிட்டரின் தந்தை சனியாகிய சாட்டர்ன்; சாட்டர்னின் தந்தை யுரேனஸ்; ஆகவே சனிக்கு அப்பால் உள்ள கோள் யுரேனஸ் ஆகட்டும் என்றார். எட்டு ஆண்டுகள் கழித்து, 1789இல், கிளாப்ராத் ஒரு புதிய தனிமத்தைக் கண்டறிந்தார். புதிய கோளின் நினைவாக அதற்கு யுரேனியம் என்று பெயரிட்டார். கதிரியக்கம் என்ற சொல்லே அப்போது பிறக்கவில்லை.

மஞ்சள் கோடு

அடுத்த காட்சி நமக்கு அண்டையில் நிகழ்கிறது. 1868 ஆகஸ்டு 18ஆம் நாள் முழுச் சூரிய கிரகணம். அன்று சென்னை மாகாணத்தில் இருந்த குண்டூருக்குப் பிரெஞ்சு அறிஞர் ஜான்சன் வந்திருந்தார். சென்னை வானாய்வகத்தின் நார்மன் போக்சன் மசூலிப்பட்டினத்திலிருந்து பார்த்தார். சூரிய விளிம்பில் எழும் செந்தழல்களின் நிறமாலையில் ஒரு மஞ்சள் கோடு தெரிந்தது. அதே ஆண்டு அக்டோபரில், இங்கிலாந்தில் நார்மன் லாக்கியர் கிரகணம் இல்லாமலேயே அக்கோட்டை ஆராய்ந்தார். சோடியத்தின் மஞ்சள் கோடுகள் 589.0, 589.6 நானோமீட்டரில் உள்ளன, இதுவோ 587.6 நானோமீட்டரில் விழுந்தது. பூமியில் அறியப்பட்ட எந்தத் தனிமத்துக்கும் அது பொருந்தவில்லை. சூரியனில் மட்டும் உள்ள தனிமம் என்று கருதிய அவர், ஹீலியாஸின் பெயரால் அதை ஹீலியம் என்று அழைத்தார்.

1895இல் வில்லியம் ராம்சே, கிளீவைட் என்னும் கனிமத்தை அமிலத்திலிட்டு வெளிவந்த வாயுவை ஆராய்ந்தபோது அதே மஞ்சள் கோட்டைக் கண்டார். கிளீவைட் ஒரு யுரேனியக் கனிமம்! சூரியனின் வாயு யுரேனியக் கல்லுக்குள் எப்படி வந்தது? ரதர்ஃபோர்டும் ராய்ட்சும் 1909இல் வெளியிட்ட ஆய்வு விடை கூறியது: ஆல்பாத் துகள் மின்னூட்டம் இழந்தால் ஹீலியம் அணு ஆகிறது. யுரேனியம்-238 படிப்படியாகச் சிதைந்து ஈயம்-206 ஆவதற்குள் எட்டு ஆல்பாத் துகள்களை வெளிவிடுகிறது. பாறைக்குள் கோடிக்கணக்கான ஆண்டுகளாகப் பேரன்கள் பிறந்து அடைபட்டுக் கிடந்தார்கள்.

1925இல் சிசிலியா பெய்ன் என்ற இளம்பெண் தம் ஆய்வேட்டில், விண்மீன்களில் ஹைட்ரஜனும் ஹீலியமும் மற்ற தனிமங்களைவிட மிக மிக அதிகம் என்ற முடிவுக்கு வந்தார். மூத்த அறிஞர் ரஸ்ஸல் அதை ஏற்கத் தயங்கியதால், அம்முடிவு மெய்யாக இருக்க இயலாது என்று அவரே எழுத நேர்ந்தது. நான்கு ஆண்டுகளில் ரஸ்ஸல் வேறு வழியில் ஆராய்ந்து, பெய்னின் முடிவு சரியென ஒப்புக்கொண்டார். ஆக, சூரியன் கல்லும் அன்று. அது வாயுக் கோளம்.

மாணவருக்கு என் விடை

தம்பி, யுரேனியத்துக்குப் பெயரிட்டவருக்கு ஹீலியம் தெரியாது. ஹீலியத்துக்குப் பெயரிட்டவருக்குக் கதிரியக்கம் தெரியாது. இரண்டு பெயர்களுக்கும் இடையே 80 ஆண்டுகள் உள்ளன. பாட்டன், பேரன் உறவு பிற்காலத்தில் தற்செயலாகப் பொருந்தியது. கிரேக்கப் புராணத்தில் அணு இயற்பியல் இல்லை.

இதனால் கிரேக்கர்களின் பெருமை குறைந்துவிடுமோ என்று நீ அஞ்ச வேண்டாம். அவர்களுடைய பெருமை வேறிடத்தில் இருக்கிறது. கடவுள் என்று ஊரார் கைகூப்பிய சூரியனைப் பார்த்து, "அது எவ்வளவு பெரியது?" என்று கேட்டவர் அனக்சாகொரஸ். அவர் சொன்ன அளவும் தவறு, பொருளும் தவறு. ஆனால் தவறு என்று காட்டக்கூடிய ஒரு விடையைச் சொன்னார். பொற்கிண்ணத்தை யாராலும் திருத்த முடியாது. பெலொப்பொனீஸ் அளவுள்ள கல்லைத் திருத்த முடியும். அரிஸ்டார்க்கஸ் திருத்தினார், லாக்கியர் திருத்தினார், பெய்ன் திருத்தினார்.

2023 செப்டம்பர் 2ஆம் நாள் நம் நாடு சூரியனை ஆராய ஒரு விண்கலத்தை ஏவியது. அதற்கும் பழைய சூரியக் கடவுளின் பெயரே: ஆதித்யா. பெயர் பழையதாக இருக்கட்டும். அதனுள் இருக்கும் கருவிகள் அளக்கின்றன. அந்த அளவுகளை நாளை ஒருவர் திருத்தலாம். அவர் கடைசி வரிசையில் அமர்ந்திருப்பவராகவும் இருக்கலாம்.