கொசுவம்: சேலைக்கட்டின் மாற்றமும் சொற்பொருளும்

உடுத்தும் முறை மாறும்பொழுது அதனைக் குறிக்கும் சொல்லும் பொருள் மாறுகின்றது. அகராதிகளில் இம்மாற்றம் எளிதில் புலப்படுவதில்லை. ‘கொசுவம்’ என்னும் சொல் இதற்குத் தக்க சான்றாகும். ‘கொய்தல்’ என்னும் வினைக்குப் பறித்தல் என்பதோடு துணியை மடித்துச் சுருக்குதல் என்னும் பொருளும் உண்டு. அதன்வழிப் பிறந்த ‘கொய்சகம்’ பேச்சுவழக்கில் கொசுவமாயிற்று. தேயிலைத் தோட்டத்தார் பேச்சில் கொழுந்தைக் கிள்ளுவதும் எடுப்பதும் உண்டு என்பது ஈண்டுச் சுட்டத்தக்கது.

இடுக்கி மாவட்டத்தில் மூணாற்றை அடுத்துள்ள மாட்டுப்பட்டி, பெயராலேயே தமிழ் வழக்கைக் காட்டும் ஊர். இம்மலைகளில் 1880ஆம் ஆண்டளவில் ஷார்ப் என்பவர் தேயிலை பயிரிட்டார். பின்னர்ப் பெருகிய தோட்டங்களுக்குத் தென் தமிழக மாவட்டங்களிலிருந்து உழைப்பாளர் குடும்பங்கள் வந்தன. அம்மாவட்டங்களின் உழைக்கும் மகளிரிடையே பரவலாக இருந்தது பின்கொசுவக்கட்டு. மடிப்புகளை இடுப்பின் பின்புறத்தே செருகி விசிறிபோல் விடுவது அது. முன்புறம் தடையற்றிருப்பதால் குனிந்து நாற்று நடுவதற்கு ஏற்றது. ஆயின் சேலை நீளமாக இருத்தல் வேண்டும்.

இன்று எங்கும் காணப்படும் முன்கொசுவக்கட்டின் வரலாறு வேறு. 1864இல் கணவர் சத்யேந்திரநாத் தாகூருடன் பம்பாயில் வாழச் சென்ற ஞானதானந்தினி தேவி, பார்சி மகளிரின் கட்டைத் தழுவி, முந்தானையை இடத்தோளில் இடும் முறையை வங்கத்தில் பரப்பினார். ரவிக்கையும் உள்பாவாடையும் உடன் சேர்ந்தன. இதனை ஒத்த கட்டே இன்று ‘நீவி’ எனப் பெயர் பெற்று நாடெங்கும் வழங்குகின்றது. ஆறு கெசத்துக்கு உட்பட்ட சேலைக்கு அது பொருந்தியது. மாட்டுப்பட்டித் தோட்டங்களிலும் இன்று அதுவே. ஆயினும் வேலைநேரத்தில் சேலைமேல் ஆண்களின் சட்டையும், இடுப்பில் முரட்டுத்துணியோ நெகிழித்தாளோ சுற்றப்படுவதால் முன்கொசுவம் மறைந்துவிடுகின்றது.

பின்கொசுவம் பொதுவாயிருந்த இடங்களில் ‘கொசுவம்’ என்றாலே அதனைக் குறித்திருக்கும் எனக் கருத இடமுண்டு. இன்று அடைமொழி வேண்டுவது பின்கொசுவத்திற்கே. இதனை அறியாத மொழிபெயர்ப்பாளர், பழைய சிற்றூர்க் கதையில் வரும் பெண்ணின் மடிப்புகளை முன்புறம் மாற்றிவிடுகின்றார். அவள் உடலசைவே பிழைபடுகின்றது. மலையாளத்திலிருந்து பெயர்ப்போர்க்கு இடர் இன்னும் மிகுதி. ‘ஞொறி’யைக் கொசுவம் எனலாம். ஆனால் மணச்சடங்கான ‘புடவகொட’யில் வரும் ‘புடவ’ தமிழர் நினைக்கும் புடவையன்று; மணமகளுக்கு அளிக்கும் ஆடை என்பதே அதன் பொருள்.